பொம்மனஹள்ளிக்குப் போன கணவாய்

தூத்துக்குடிக்காரர்களுக்குக் கடல் இல்லாத ஊரெல்லாம் வெளிநாடுதான். அந்தக் கணக்கில் நான் போய்வந்த ஒரே வெளிநாடு பெங்களூர். போன ஆவணியில், ஒரு தெர்மகோல் பெட்டி நிறையக் கணவாயோடு போனேன்.

போன காரியத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். என் மகன் அருள் அங்கே வேலை பார்க்கிறான். கூட வேலை பார்க்கும் ஷாலினியைக் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டான். பெண் வீட்டார் கோலார் தங்கவயல் தமிழர்கள், இப்போது பொம்மனஹள்ளியில் குடியிருக்கிறார்கள், நம்மைப் போலவே மாதா கோயிலுக்குப் போகிறவர்கள் என்று ஃபோனில் எல்லா விவரமும் சொன்னான். கடைசியில் குரலைத் தாழ்த்தி, "அம்மா, ஒரே ஒரு விஷயம். அவளுக்கு எறா ஒத்துக்காது" என்றான்.

எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை என்றால் காலையில் பூசை, மத்தியானம் இறால். விருந்தாளி வந்தால் இறால், தேர்வில் பிள்ளைகள் பாஸானால் இறால். இறாலைத் தொட முடியாத மருமகள் எங்கள் வீட்டில் எதைச் சாப்பிட்டு நிலைப்பாள் என்று எனக்கு உண்மையிலேயே கவலையாகப் போய்விட்டது. "நீ சரின்னா சரிம்மா, இல்லன்னா விட்டுடறேன்" என்று அருள் வேறு சொல்லிவிட்டான். அவன் அப்படிச் சொல்லாமல் சண்டை போட்டிருந்தால் எனக்கு இன்னும் சுலபமாக இருந்திருக்கும்.

என் கணவர் வரவில்லை. உப்புக்காற்று இல்லாத ஊரில் அவருக்குத் தூக்கம் வராது. "நீ போயிப் பாரு. நீ அங்க கை நனைச்சா எனக்கும் சம்மதம்" என்று தன் பங்கை முடித்துக்கொண்டார். எங்கள் பக்கத்து வழக்கம் அது. சம்பந்தம் பேசப் போகிற வீட்டில், பேச்சு முடிகிறவரை சோற்றில் கை வைக்கக் கூடாது. வைத்துவிட்டால் சம்மதம் சொன்னதாக ஆகிவிடும். அப்புறம் மாற்றிப் பேச முடியாது.

நான் ஓய்வு பெறும்வரை பிளஸ் டூ பிள்ளைகளுக்கு விலங்கியல் நடத்தியவள். ஆகவே பிரச்சினையை விலங்கியல்படி யோசித்தேன். இறால் கணுக்காலி. நண்டு, தேள், கரப்பான்பூச்சி எல்லாம் அதன் பங்காளிகள். கணவாய் மெல்லுடலி. நத்தை, சங்கு, சிப்பி வகையறா. இரண்டுக்கும் முதுகெலும்பு கிடையாது என்பதைத் தவிர வேறு ஒட்டுமில்லை, உறவுமில்லை. இறால் ஒத்துக்கொள்ளாத பெண்ணுக்குக் கணவாய் ஒத்துக்கொள்ளும். ஞாயிற்றுக்கிழமைகளுக்கு வழி பிறந்துவிட்டது என்று துறைமுகத்துப் பக்கம் போய் நல்ல ஓட்டுக் கணவாயாகப் பொறுக்கி, ஐஸ் போட்டு, பெட்டியை டேப்பால் சுற்றினேன். சுத்தம் செய்யவில்லை. முழுசாகப் பார்த்தால்தான் அதன் அருமை தெரியும் என்பது என் எண்ணம்.

சனிக்கிழமை காலையில் பெங்களூரில் இறங்கியபோது ஐஸ் உருகியிருந்தது. அருள் ஆட்டோ பிடித்தான். மேம்பாலத்துக்குக் கீழே பள்ளம், பள்ளத்துக்குப் பக்கத்தில் இன்னொரு பள்ளம். இரண்டாவது பள்ளத்தில் பெட்டியின் மூலை விட்டுக்கொடுத்தது. கணவாயின் மை ஐஸ் தண்ணீரோடு கலந்து ஆட்டோவின் தரையெல்லாம் கறுப்பாக ஓடியது. ஆட்டோக்காரர் வண்டியை ஓரம் கட்டி, இறங்கி, நிதானமாகப் பார்த்துவிட்டு அருளிடம் உருதுவில் ஏதோ கேட்டார்.

"என்னல சொல்லுதாரு?" என்றேன்.

"உங்க அம்மா பேனா மை கம்பெனி வெச்சிருக்காங்களான்னு கேக்கறாரும்மா."

எதிரியிடமிருந்து தப்பிக்கக் கணவாய் மை பீய்ச்சும், அதற்கென்று வயிற்றுக்குள் தனிப் பை இருக்கிறது என்று அவருக்கு விளக்கச் சொன்னேன். அருள் அதை மொழிபெயர்க்க மறுத்து, தன் கைக்குட்டையால் தரையைத் துடைத்தான்.

அவன் குடியிருக்கும் வீட்டு வாசலுக்குப் போன பிறகு அடுத்த சிக்கல் தெரிந்தது. வீட்டுக்காரர் மாடியில் இருக்கிறார். முட்டைகூட உள்ளே வரக் கூடாது என்பது வாடகை ஒப்பந்தம். படியேறும்போதே அவர் வீட்டுக் கதவு திறந்தது. மூக்கு முதலில் வந்தது, பிறகுதான் மனிதர் வந்தார். ஆக, சம்பந்தம் பேசப் போகும் வீட்டுக்கு நான் முதன்முதலாகப் போனது குளிக்காமல், கறுப்புத் தண்ணீர் சொட்டும் பெட்டியோடு, அவர்கள் ஃப்ரிட்ஜில் இடம் கேட்டு.

கதவைத் திறந்தவர் ஷாலினியின் அம்மா கிரேஸ். "வாங்க டீச்சர், வாங்க. இன்னா பொட்டி இது?" என்றார். விஷயத்தைச் சொன்னேன். அவர் ஃப்ரிட்ஜிலிருந்து மாவுச் சட்டியை வெளியே எடுத்து வைத்து இடம் பண்ணினார். பின்னாலிருந்து ஷாலினி வந்தாள். ஒல்லியாக, கண்ணாடி போட்டுக்கொண்டு, கையில் தரை துடைக்கும் துணியோடு. "ஆன்ட்டி, குடுங்க" என்று பெட்டியை வாங்கிக்கொண்டாள். மூக்கைச் சுளிக்கவில்லை. மனதுக்குள் ஒரு மதிப்பெண் போட்டுக்கொண்டேன்.

இட்லி எடுத்து வைக்கவா என்று கிரேஸ் கேட்டார். நான் வழக்கத்தைச் சொன்னேன்.

"தெரியுங்க டீச்சர். எங்க ஆளுங்களும் ஆற்காட்டுப் பக்கம்தானே, எங்களுக்கும் அதான். காபி குடிக்கலாமில்ல?"

காபியில் கை நனையாது என்பதால் குடித்தேன். கூடவே வந்த பிஸ்கட்டைப் பற்றித் தெளிவான விதி எதுவும் இல்லை. அதனால் அதைப் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தேன்.

அன்று எனக்கு ஓட்டல் சாப்பாடுதான். காலையில் நின்றுகொண்டே தட்டு இட்லி சாப்பிட்டேன். அந்த ஊரில் எல்லாரும் நின்றுகொண்டே சாப்பிடுகிறார்கள், உட்கார்ந்தால் வாடகை கேட்பார்கள் போல. சாம்பாரில் வெல்லம் இருந்தது. யாரோ தவறிப் போட்டுவிட்டார்கள் என்று நினைத்து, இரக்கத்தோடு சொல்லாமல் விட்டேன். மத்தியானம் வேறு ஓட்டல் சாம்பாரிலும் வெல்லம் இருந்தது. ஆவணி மாதத்தில் ஸ்வெட்டர் போட்டு நடக்கிறவர்களைப் பார்த்தேன். எங்கள் ஊரில் அந்த மாதம் பனியனே அதிகம்.

சாயங்காலம் திரும்பவும் போனேன். ஷாலினியின் அப்பா தேவராஜ் பீன்யாவில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர். ஊரின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குத் தினமும் போய்வருகிறவர். "எங்க அப்பா சுரங்கத்துல கீழ எறங்குவாரு. நான் பஸ்ல ஏறறேன். டைம் ரெண்டுக்கும் ஒண்ணுதான்" என்றார். சிரிக்காமல் சொன்னதால் எனக்கு அவரைப் பிடித்துப்போனது.

பேசிக்கொண்டிருக்கும்போதே தூறல் போட்டது. கிரேஸ் உப்புப் பொட்டலத்தை எடுத்துக்கொண்டு அவசரமாக வீட்டுக்குப் பின்னால் போனார். நானும் போனேன். ஒரு கட்டில் அகலத்துக்குக் கீரைப்பாத்தி. பாத்தி முழுக்க நத்தைகள், ஒவ்வொன்றும் என் உள்ளங்கை நீளம். இலைகளெல்லாம் சல்லடை.

"மழ வந்தா போதும், சொப்பு பூராவும் துன்னுட்டுப் பூடுதுங்க" என்றார். அங்கே கீரையைச் சொப்பு என்பார்கள். கன்னடத்திலிருந்து வாங்கிக்கொண்ட சொல்.

எனக்கோ திருவிழாக் கடைக்குள் நுழைந்த மாதிரி இருந்தது. பாடப் புத்தகத்தில் படம் போட்டு நடத்திய ஆப்பிரிக்கப் பெருநத்தை, கூட்டம் கூட்டமாக, இலவசமாக. பிளாஸ்டிக் பையைக் கையில் மாட்டிக்கொண்டு ஒன்றை எடுத்துத் திருப்பிக் காட்டினேன். இதுதான் பாதம், வயிறே பாதம். இது ஓடு. கொம்பு நுனியில் கண். உப்பைப் பாத்தியில் போடாதீர்கள், மண் கெட்டுவிடும், பொறுக்கி சோப்புத் தண்ணீர் வாளியில் போடுங்கள் என்றும் சொன்னேன்.

"நான் கொண்டாந்த கணவாய்கூட இதோட சொந்தம்தான்" என்று பெருமையாக முடித்தேன்.

கிரேஸ் நத்தையைப் பார்த்தார். அடுக்களையில் இருந்த ஃப்ரிட்ஜின் பக்கம் பார்த்தார். "அப்ப எனக்கு வேணாங்க" என்றார்.

அன்று இரவு என் கணவர் ஃபோன் செய்து, "கை நனைச்சியா?" என்று கேட்டார். "காபிதான்" என்றேன்.

மறுநாள் பூசை முடிந்ததும் கிரேஸின் அடுக்களையை நான் எடுத்துக்கொண்டேன். கணவாயைக் கீறி, மைப்பையை உடையாமல் எடுத்து, உள்ளே இருந்த வெள்ளை ஓட்டை உருவி மேசைமேல் வைத்தேன். மிளகும் சின்ன வெங்காயமும் தேங்காய் எண்ணெயுமாகப் பிரட்டினேன். தெருவே மணத்தது என்று அருள் சொன்னான். அதில் பெருமைப்பட்டேன் என்பதை மறைக்க மாட்டேன்.

சாப்பிட உட்கார்ந்தார்கள். நான் உட்காரவில்லை. கணவாய் என்னுடையது என்றாலும் சோறு அவர்களுடையது. பரிமாறுவதோடு நின்றேன்.

ஷாலினி தட்டைப் பார்த்துவிட்டு, "ஆன்ட்டி, இது எறா மாதிரி இல்லையா? எனக்கு ஒண்ணும் ஆகாதுல்ல?" என்றாள்.

"எறாவும் இதும் வேற வேற சாதிம்மா" என்றேன். "எறா கரப்பான்பூச்சிக்குச் சொந்தம். இது நத்தைக்குச் சொந்தம். ரெண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தையே கெடையாது. இந்தா பாரு, உள்ளே ஓடு. எறாவுக்கு ஓடு வெளியே இருக்கும், காலுல கணு கணுவா இருக்கும்." கணவாயோட்டை அவள் கையில் கொடுத்தேன்.

தேவராஜ் மெதுவாக, "டாக்டர் ஷெல் ஃபிஷ் எதுவும் கூடாதுன்னாருங்க" என்றார்.

"ஷெல் ஃபிஷ்னு ஒரு உயிரினமே கெடையாதுங்க. அது ஓட்டல்காரங்க வெச்ச பேரு" என்றேன்.

வகுப்பில் இந்த மாதிரி ஒரு பதில் சொல்லிவிட்டால் யாரும் எழுந்து மறு கேள்வி கேட்க மாட்டார்கள். இங்கேயும் கேட்கவில்லை. கிரேஸ் மட்டும் மகளைப் பார்த்து லேசாகத் தலையை ஆட்டினார், வேண்டாம் என்று. ஷாலினி என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டு ஒரு துண்டு எடுத்து வாயில் போட்டாள். "சூப்பரா இருக்கு ஆன்ட்டி" என்று இன்னொன்றும் எடுத்தாள். மிச்ச மதிப்பெண்களையும் மொத்தமாகப் போட்டுவிட்டு, சரி, நாமும் ஒரு தட்டு எடுத்துக்கொள்ளலாம் என்று நான் திரும்பினேன்.

"அம்மா, லிப்ஸ் ஒரு மாதிரி அரிக்குது" என்றாள் ஷாலினி.

அடுத்து நடந்ததெல்லாம் வேகமாக நடந்தது. உதடு தடித்தது. கழுத்தில் திட்டுத் திட்டாகச் சிவந்தது. பேசப் பார்த்தாள், குரல் கரகரத்தது. தேவராஜ் அவளைக் கைத்தாங்கலாகத் தெருவுக்குக் கொண்டுபோய் ஆட்டோவில் ஏற்ற, நானும் கிரேஸும் இரண்டு பக்கமும் ஏறினோம். அவர் ஆட்டோக்காரர் பக்கத்தில் தொற்றிக்கொண்டார். அருள் தன் வண்டியில் முன்னால் போனான். ஓசூர் ரோட்டுக்கு வந்ததும் ஆஸ்பத்திரி தெரிந்தது, ஆனால் எதிர்ப்பக்கம். ஆட்டோ திரும்ப வேண்டுமென்றால் கண்ணுக்கெட்டாத தூரம் போய்த் திரும்பி வர வேண்டும். நடுவில் தடுப்புச் சுவர்.

"நிறுத்துப்பா" என்று தேவராஜ் கன்னடத்தில் கத்தினார். சுவரில் ஆள் நுழைகிற அளவுக்கு ஒரு சந்து இருந்தது. மகளைத் தூக்கிக்கொண்டு அதில் நுழைந்தார். பஸ்களும் லாரிகளும் வந்துகொண்டிருந்தன. நானும் கிரேஸும் கையை நீட்டி வண்டிகளை நிறுத்திக்கொண்டே பின்னால் ஓடினோம். எனக்கு ஓடி எத்தனையோ காலம் ஆகிறது. கடவுளே, இந்தப் பிள்ளையைக் காப்பாற்று என்பதைத் தவிர வேறு எதுவும் அப்போது தோன்றவில்லை. நடத்திய பாடம் ஒன்றுகூட ஞாபகத்துக்கு வரவில்லை.

உள்ளே கொண்டுபோனதும் தொடையில் ஊசி போட்டார்கள், மூக்கில் ஆக்ஸிஜன் வைத்தார்கள். சற்று நேரத்தில் மூச்சு சீரானது. டாக்டர் ஒரு சின்னப் பெண், என் மாணவிகளின் வயதுதான் இருக்கும். அவள் கன்னடத்தில் கேட்டதையெல்லாம் தேவராஜ் தமிழில் எங்களுக்குத் திருப்பிச் சொன்னார்.

"இறால் அலர்ஜி இருக்கிறவங்களுக்குக் கணவாயும் ஒத்துக்காமப் போகலாம், நத்தையும்தான். ரெண்டுலயும் ஒரே மாதிரிப் புரதம் ஒண்ணு இருக்கு. தெரிஞ்சே ஏன் குடுத்தீங்க? இத சாப்பிடலாம்னு யார்..."

கடைசிக் கேள்வியை அவர் எங்களுக்குச் சொல்லி முடிக்கவில்லை. அதற்குள் டாக்டர் பக்கம் திரும்பி, தன் நெஞ்சைத் தொட்டு ஏதோ பதில் சொன்னார். நாங்கள்தான் தெரியாமல் கொடுத்துவிட்டோம் என்கிறார் என்பது எனக்குப் புரிந்தது. அதற்குக் கன்னடம் தேவைப்படவில்லை.

"இல்லம்மா" என்று நான் டாக்டரிடம் நேராகத் தமிழில் சொன்னேன். "நான்தான் சொன்னேன். நான் ஜுவாலஜி டீச்சர்."

டாக்டருக்குத் தமிழ் தெரிந்திருக்கிறது. என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, குறிப்பில் ஏதோ எழுதிக்கொண்டு போனாள். திட்டியிருந்தால் தேவலை.

சாயங்காலம் திரும்பவும் கொஞ்சம் தடித்ததால், மறுநாள் வரை ஆஸ்பத்திரியிலேயே இருக்கட்டும் என்றார்கள். நான் கட்டிலுக்குப் பக்கத்திலிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டேன். கிரேஸ் மறுபக்க ஸ்டூலில். ஊசி போட்டதிலிருந்து அவர் என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. பெண் பார்க்க வந்து, எல்லாவற்றுக்கும் மதிப்பெண் போட்டுக்கொண்டிருந்தவள் நான். இப்போது என் விடைத்தாள் கிரேஸின் கையில் இருந்தது. பார்த்த மறுநாளே பெண்ணை ஆஸ்பத்திரியில் சேர்த்த வீட்டுக்கு எந்தத் தாய் பெண் கொடுப்பாள்? நானாக இருந்தால் கொடுக்க மாட்டேன். அருள் வராந்தாவில் நின்றுகொண்டிருந்தான். அவன் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

என் கணவர் ஃபோன் செய்தார். "கை நனைச்சியா?"

"இல்ல" என்று வைத்துவிட்டேன்.

திங்கட்கிழமை காலையில் ஷாலினியின் உதடு பழையபடி ஆகிவிட்டது. கண் விழித்ததும் என்னைத்தான் பார்த்தாள். "ஆன்ட்டி, நீங்க இன்னும் சாப்பிடவே இல்லையா?" என்றாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஸ்டூலின் உயரம் சரியில்லை என்று எதையோ சொல்லி எழுந்துபோனேன். ஆஸ்பத்திரி கேன்டீனில் இட்லி வாங்கினேன், இறங்கவில்லை. சாம்பாரில் வெல்லம் இருந்ததா என்றுகூட எனக்குத் தெரியாது.

நான் திரும்பி வந்தபோது கிரேஸ் இல்லை. வீட்டுக்குப் போயிருக்கிறார் என்றார்கள். ராத்திரி பஸ்ஸில் ஊருக்குத் திரும்புவதாக இருந்தேன். அவர் வந்ததும் மன்னிப்புக் கேட்டுவிட்டு, அவர் சொல்லப்போகும் பதிலைக் கேட்டுக்கொண்டு கிளம்பிவிடுவது என்று முடிவு செய்தேன். என்ன பதில் வந்தாலும் அருளிடம் நானே சொல்ல வேண்டும். அதைத்தான் திரும்பத் திரும்ப மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மத்தியானம் கிரேஸ் டிபன் கேரியரோடு வந்தார். பக்கத்துக் கட்டில் காலியாக இருந்தது. அதில் செய்தித்தாளை விரித்து, தட்டுகளை அடுக்கினார். மகளுக்குக் கஞ்சி. கணவருக்கும் அருளுக்கும் கேழ்வரகுக் களியும் கீரைச் சாறும். எனக்கு முன்னால் தட்டு வைக்கவில்லை. அதுதான் பதில் என்று எடுத்துக்கொண்டு எழுந்தேன்.

"கிரேஸம்மா, என்னை மன்னிச்சிருங்க. பெரிய தப்பு பண்ணிட்டேன்" என்றேன்.

அவர் கேரியரின் கடைசி அடுக்கைத் திறந்தபடியே பேசினார். "நேத்து பூரா எனக்கு வவுறு எரிஞ்சுதுங்க, பொய் சொல்ல மாட்டேன். இவரு உங்களுக்காகப் பழிய ஏத்துக்கினாரு, நீங்க பேசாம இருந்திருக்கலாம். அத்தன பேரு முன்னாடி நான்தான்னு சொன்னீங்க. தப்பு பண்ணா ஒத்துக்கற மாமியார நான் இதுவரைக்கும் பாத்ததில்ல. எனக்கும் ஒரு மாமியார் இருந்தாங்க."

தேவராஜ் களியை விழுங்கிவிட்டு, "எங்க அம்மாதான்" என்றார்.

கிரேஸ் அடியிலிருந்து ஒரு எவர்சில்வர் தட்டை எடுத்தார். அது மட்டும் புதிது, ஸ்டிக்கர்கூடக் கிழிக்கவில்லை. களி உருண்டையை வைத்து, அதைச் சுற்றிக் கீரைச் சாறை ஊற்றினார். கீரை இலைகள் எல்லாம் ஓட்டை ஓட்டையாக இருந்தன.

"நல்லா கழுவி, வேகவெச்சதுதான். நத்த துன்னது போவ மிச்சம்" என்றார். "கை கழுவிக்கினு வாங்க சம்பந்தி."

நான் கை கழுவப் போன இடத்தில் குழாயைத் திறந்துவிட்டுக் கொஞ்ச நேரம் அழுதேன். திரும்பி வந்து உட்கார்ந்தேன். களியை மெல்லக் கூடாது, சாறில் தோய்த்து அப்படியே விழுங்க வேண்டும் என்று ஷாலினி கட்டிலிலிருந்தபடியே சொல்லிக்கொடுத்தாள். சாறில் வெல்லம் இல்லை.

இரண்டாவது வாய் எடுக்கும்போது ஃபோன் அடித்தது. அருள் எடுத்து என் காதில் வைத்தான்.

"என்ன செய்யுத?" என்றார் என் கணவர். மற்ற கேள்வியைக் கேட்க அவருக்கே பயமாக இருந்திருக்க வேண்டும்.

"சாப்பிட்டுக்கிட்டு இருக்கேன்."

"ஓட்டல்லயா?"

"இல்ல" என்றேன். "அவுக வீட்டுச் சாப்பாடு."